பேசாத கேமரா யார் பக்கம்?

பின்னணியில் விளக்கிச் சொல்லும் குரல் கிடையாது. பேட்டி கிடையாது. வெளியிலிருந்து சேர்த்த இசை கிடையாது. பேசுகிறவர் யார், என்ன பதவி என்று திரையின் அடியில் எழுத்துகூட வராது. படம் இரண்டரை மணி நேரம், மூன்று மணி நேரம் போகும். 1989ல் வந்த 'நியர் டெத்' ஆறு மணி நேரத்துக்கு இரண்டு நிமிடம்தான் குறைவு. இப்படி நாற்பதுக்கும் மேற்பட்ட விவரணப்படங்களை எடுத்தவர் பிரெடரிக் வைஸ்மன் என்கிற அமெரிக்கர். இவர் பேச்சை எடுத்தாலே நம்ம தோழர்கள் கேட்கிற முதல் கேள்வி இது: 'அடிக்கிறவன் அடிக்கிறான், வாங்குறவன் வாங்குறான், பக்கத்துல நின்னு இவன் படம் புடிச்சுக்கிட்டே இருக்கானே, இவன் யார் பக்கம்?'

நியாயமான கேள்வி. நடுநிலை என்ற சொல்லுக்குப் பின்னால் யார் ஒளிந்துகொள்வார்கள் என்பதை நமக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. குடிசை எரிந்த மறுநாள் 'இரு தரப்பினரிடையே மோதல்' என்று எழுதுகிற பத்திரிகையைப் படித்து வளர்ந்தவர்கள் நாம். அந்த அனுபவத்திலிருந்து வருகிற சந்தேகம். ஆனால் அதை அப்படியே கொண்டுபோய் வைஸ்மன் தலையில் இறக்குவது சரியில்லை என்பது என் கட்சி. அந்தக் கேமரா யாரைப் பார்க்கிறது, எவ்வளவு நேரம் பார்க்கிறது, எடிட்டிங் மேசையில் எதன் பக்கத்தில் எது வந்து உட்காருகிறது என்று நிதானமாகப் பார்த்தால் பக்கம் தெரிந்துவிடும். அந்த மௌனத்துக்கு ஓர் எல்லையும் இருக்கிறது. அதுக்கும் வர்றேன்.

1930ல் பாஸ்டனில் பிறந்தவர். சட்டம் படித்து, சட்டம் சொல்லிக்கொடுத்தவர். நாளைக்கு வக்கீலாகவும் நீதிபதியாகவும் ஆகப்போகிற மாணவர்கள் தாங்கள் ஆட்களை எங்கே அனுப்பப்போகிறோம் என்று கண்ணால் பார்க்கட்டும் என்று, மாசசூசெட்ஸ் மாநிலத்தின் பிரிட்ஜ்வாட்டரில் இருந்த மனநோய்ச் சிறைக்கு அவர்களை அழைத்துப்போனார். பிறகு 1966ல் அங்கேயே கேமராவோடு போனார். அப்படி வந்ததுதான் 'டிடிகட் ஃபாலிஸ்', 1967.

இவர் வேலை செய்த விதம் கேட்க ரொம்ப எளிமையாக இருக்கும். மொத்தம் மூன்று பேர். ஒளிப்பதிவாளர் ஒருவர், படச்சுருள் மாற்றிக்கொடுக்கும் உதவியாளர் ஒருவர், மூன்றாவது வைஸ்மன். இயக்குநர் கேமராவுக்குப் பின்னால் நாற்காலி போட்டு உட்காரவில்லை. ஒலிப்பதிவுக் கருவியைத் தோளில் மாட்டிக்கொண்டு, மைக்கைக் கையில் பிடித்துக்கொண்டு, பேச்சு எங்கே நடக்கிறதோ அங்கே போனார். மைக் எங்கே திரும்புகிறதோ அங்கே கேமரா திரும்பியது. காது முன்னால், கண் பின்னால். இதை நம்ம ஆட்கள் அதிகம் கவனிப்பதில்லை. முன்கூட்டி ஆய்வு, திரைக்கதை எதுவும் இல்லை. படம் எடுப்பதே ஆய்வு. சில வாரங்கள் ஓரிடத்தில் கிடந்து, நூறு மணி நேரம் வரைக்கும் பதிவு செய்து, பிறகு கிட்டத்தட்ட ஒரு வருஷம் தனியாக உட்கார்ந்து வெட்டி ஒட்டினார். விளக்கக் குரலின் வேலையை அந்த ஒரு வருஷம்தான் செய்கிறது.

இந்த வகைப் படத்தை 'சுவரில் உட்கார்ந்த ஈ' பார்க்கிற மாதிரி என்று ஆங்கிலக்காரர்கள் சொல்வது வழக்கம். வைஸ்மனுக்கு அந்தப் பேச்சே பிடிக்காது. ஈக்குப் புத்தி ஏது என்கிற மாதிரிக் கிண்டல் செய்திருக்கிறார். என் படங்கள் ஒருபக்கச் சாய்வு உள்ளவைதான், ஆனால் பார்த்ததற்கு நியாயம் செய்திருக்கிறேன் என்கிற பொருளில் பல முறை பேசியிருக்கிறார். தன் படங்களை ஒருவகைப் புனைவு என்றே சொன்னவர். நடுநிலை என்று அவர் உரிமை கொண்டாடவே இல்லை, நாமாகத்தான் அந்தப் பட்டத்தைக் கட்டிவிட்டோம்.

உண்மையான ஈ எங்கே இருக்கிறது தெரியுமா? நான் வேலை செய்கிற வங்கிக் கிளையின் கூரை மூலையில். நாள் பூரா பார்க்கிறது. யார் பேசுவதையும் கேட்காது. எதையும் வெட்டாது, ஒட்டாது. பணம் எடுக்க வந்து கூட்டத்தில் மயங்கி விழுந்த கிழவியும், மேனேஜர் அறைக்கு நேராக நடந்துபோகிற கான்ட்ராக்டரும் அதுக்கு ஒண்ணுதான். நடுநிலை வேண்டுமென்றால் அந்தக் கண்காணிப்புக் கேமராவிடம் போய்க் கேளுங்கள். அது வங்கியின் சொத்தைக் காப்பாற்ற மாட்டிய கண். வைஸ்மனின் கேமரா இதுக்கு நேர் எதிர்த் திசையில், கட்டடத்துக்குச் சொந்தக்காரன் பார்க்க விரும்பாததைப் பார்க்க உள்ளே போனது.

'டிடிகட் ஃபாலிஸ்' என்பது அந்தச் சிறையில் கைதிகளும் காவலர்களும் சேர்ந்து போட்ட ஆட்டபாட்ட நிகழ்ச்சியின் பெயர். படம் அந்த மேடையில் தொடங்கி அந்த மேடையிலேயே முடிகிறது. நடுவில் நாம் பார்ப்பது: உடுப்பில்லாமல் வெற்று அறைகளில் பூட்டப்பட்ட மனிதர்கள். அதில் ஒருவரிடம் காவலர்கள் 'ரூமைச் சுத்தமா வச்சிருப்பியா' என்று திரும்பத் திரும்பக் கேட்கிறார்கள். அவர் பதில் சொல்கிறார். காது கேக்கலேங்கிற மாதிரி மறுபடி கேட்கிறார்கள். அவர் கத்துகிறார். இவர்களுக்குப் பொழுது போகிறது. இன்னொரு இடத்தில் ஓர் இளைஞர் மருத்துவக் குழுவின் முன் நின்று, இங்கே இருப்பதுதான் என்னைக் கெடுக்கிறது, என்னைப் பழைய சிறைக்கே அனுப்புங்கள் என்று ரொம்பத் தெளிவாக வாதாடுகிறார். அவர் வெளியே போனதும், அந்தத் தெளிவையே நோயின் குறியாகப் பேசி, மருந்தைக் கூட்டலாம் என்று முடிவு செய்கிறது குழு.

இந்தக் காட்சிகளில் என்னை உலுக்கிய விஷயம் ஒன்று உண்டு. இதெல்லாம் கேமராவுக்கு முன்னாலேயே நடக்கிறது. மறைவாக எடுத்தது ஒன்றுமில்லை. கண்காணிப்பாளரிடம் அனுமதி வாங்கி, மைக்கை நீட்டிக்கொண்டு, வெளிச்சத்தில் நின்று எடுத்தது. காவலர்களுக்கும் டாக்டர்களுக்கும் தாங்கள் செய்வதில் ஒளிக்க ஏதாவது இருக்கிறது என்று தோன்றவே இல்லை. கொடுமைக்காரர்களாகத் தங்களை நினைத்துக்கொண்டிருந்தால் கேமராவைப் பார்த்ததும் கையை மடக்கியிருப்பார்கள். வேலைதானே பார்க்கிறோம் என்று நினைத்தார்கள்.

அடுத்த வருஷம், 1968ல், பிலடெல்பியாவில் ஒரு பள்ளிக்கூடம். 'ஹை ஸ்கூல்'. அங்கே நிர்வாணமும் இல்லை, சித்திரவதையும் இல்லை. தான் செய்யாத தப்புக்குத் தண்டனையை ஏற்கச் சொல்லி ஒரு பையனிடம் வாதாடுகிறார் ஒழுங்கைக் கவனிக்கிற அதிகாரி. படத்தின் கடைசியில் தலைமையாசிரியை ஒரு கடிதம் படிக்கிறார். வியட்நாம் போருக்குப் போன பழைய மாணவன் எழுதியது. தான் ஒன்றும் பெரிய ஆள் இல்லை, சொன்ன வேலையைச் செய்கிற ஓர் உடம்பு என்கிற மாதிரி எழுதியிருக்கிறான் அவன். படித்து முடித்து, இப்படி ஒரு கடிதம் வருகிறது என்றால் நம் பள்ளி வெற்றி பெற்றிருக்கிறது என்று மனம் நிறைந்து சொல்கிறார் அந்த அம்மாள். படம் அத்தோடு நின்றுவிடுகிறது. அந்த இடத்தில் நான் ஒரு விளக்கக் குரலை எழுதினால் என்ன எழுதுவேன் என்று யோசித்துப் பார்த்தேன். எதை எழுதினாலும் அந்த அம்மாளுக்குத் தப்பிக்க வழி செய்து கொடுத்த மாதிரி ஆகிவிடும். வர்ணனையாளர் தன் கருத்தைச் சொல்லிவிட்டார், அவ்வளவுதானே என்று அவரை மறுத்துவிடலாம். தன் வாயாலேயே சொன்னதை எப்படி மறுப்பது?

1969ல் வந்த 'லா அண்ட் ஆர்டர்' கன்சாஸ் சிட்டி போலீஸ் பற்றியது. 1968ல் சிகாகோவில் ஜனநாயகக் கட்சி மாநாட்டின்போது போலீஸ் நடத்திய அடிதடியைப் பார்த்த கோபத்தில், இவர்களைப் பிடித்துக் காட்டுகிறேன் என்றுதான் போனாராம் வைஸ்மன். போலீஸ் காரில் கிடந்து பார்த்த பிறகு விஷயம் அவ்வளவு லேசாக இல்லை என்று தெரிந்தது. படத்தில் தொலைந்துபோன ஒரு சின்னக் குழந்தையை மடியில் வைத்து மிட்டாய் வாங்கிக் கொடுக்கிற போலீஸ்காரர் இருக்கிறார். அதே படத்தில், விபச்சாரம் என்று பிடிக்கப்போன இடத்தில் ஒரு கறுப்பினப் பெண்ணின் கழுத்தைப் பின்னாலிருந்து கையால் இறுக்குகிற போலீஸ்காரரும் இருக்கிறார். அவள் மூச்சுத் திணறுவதை நாம் பார்க்கிறோம். விட்ட பிறகு, என் கழுத்தை நெரித்தான் என்கிறாள். பக்கத்தில் நிற்கிற இன்னொரு போலீஸ்காரர், அப்படி ஒன்றும் நடக்கவில்லை, உனக்குத்தான் அப்படித் தோன்றுகிறது என்று அவளிடமே சொல்கிறார். அதையும் கேமராவுக்கு முன்னாலேயே சொல்கிறார்!

நம்மில் சிலர் குழந்தைக் காட்சியை எதுக்கு வைக்கணும் என்று கேட்பார்கள். போலீசுக்கு நல்ல பேர் வாங்கித் தருவதா? நான் அதை இப்படிப் பார்க்கிறேன். கழுத்தை நெரிப்பது ஒரு கெட்ட மனிதனின் குணம் என்று விட்டால், அவனை வேலையை விட்டுத் தூக்கினால் பிரச்சினை தீர்ந்தது. அதே நிலையத்தில், அதே உடுப்பில் குழந்தைக்கு மிட்டாய் வாங்கித் தருகிற மனிதர்களும் இருக்கிறார்கள் என்று தெரிந்தால், தனி மனிதக் குணத்தை வைத்துத் தப்பிக்க முடியாது. யாருக்கு மிட்டாய், யாருக்குக் கழுத்துப்பிடி என்று முடிவு செய்கிற அமைப்பைப் பற்றிப் பேசியே ஆக வேண்டும். இந்த ஆளின் கலை நேர்மை என்று நான் சொல்வது இதைத்தான். கோபத்தோடு போனவர், கோபத்துக்குப் பொருந்தாத காட்சியைக் குப்பையில் போடவில்லை.

'டிடிகட் ஃபாலிஸ்' படத்தில் அவரே பின்னால் ஒப்புக்கொண்ட ஒரு சறுக்கல் உண்டு. சாப்பிட மறுக்கும் ஒரு முதியவருக்கு மூக்கு வழியாகக் குழாய் விட்டு ஊட்டுகிறார் டாக்டர். டாக்டரின் வாயில் சிகரெட். சாம்பல் நீண்டு புனலுக்கு மேலே தொங்குகிறது. இந்தக் காட்சிக்கு நடுநடுவே, அதே முதியவர் இறந்த பிறகு முகம் மழித்து, கண்ணில் பஞ்சு வைத்து, பிணத்தைச் சிங்காரிப்பதை வெட்டி வெட்டிக் காட்டுகிறது படம். உயிரோடு இருந்தபோது கிடைக்காத அக்கறை செத்த பிறகு கிடைக்கிறது என்று அர்த்தம். இப்படிக் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டுபோய் அர்த்தத்தின் முன்னால் நிறுத்தியது ரொம்பப் பளுவான வேலை, இப்போது செய்தால் அப்படி வெட்ட மாட்டேன் என்று வைஸ்மன் சொல்லியிருக்கிறார். எனக்கு அதில் முழு உடன்பாடு இல்லை. அந்த வெட்டு என்னைத் தூங்கவிடவில்லை. ஆனால் ஒரு கலைஞன் தன் முதல் படத்தின் மிகப் பிரபலமான இடத்தைப் பார்த்து, இது கோஷம் என்று கூச்சப்படுவது நமக்கு யோசிக்கத் தருகிற விஷயம். நம்ம கவிதைகளில் எத்தனை வரிகள் இந்தப் பஞ்சு வைத்த கண் மாதிரி இருக்கின்றன, எண்ணிப் பார்க்கலாம். நானும் கவிதை எழுதுகிறவன் என்பதால் சொல்கிறேன்.

அந்தப் படத்துக்கு நேர்ந்த கதியையும் சொல்லிவிட வேண்டும். மாசசூசெட்ஸ் மாநில அரசு நீதிமன்றத்துக்குப் போனது. 1968ல் ஒரு நீதிபதி படச்சுருளையே அழிக்க உத்தரவிட்டார். 1969ல் மாநிலத்தின் உச்ச நீதிமன்றம் அதைத் தளர்த்தி, மருத்துவர், வக்கீல், நீதிபதி, சமூகப் பணியாளர், அந்தத் துறை மாணவர்கள் பார்க்கலாம், பொதுமக்கள் பார்க்கக் கூடாது என்றது. 1991 வரைக்கும் அதே நிலை. இருபது வருஷத்துக்கும் மேல். ஆபாசமும் இல்லை, நாட்டின் பாதுகாப்பும் இல்லை. சொன்ன காரணம், கைதிகளின் அந்தரங்கம் காக்கப்பட வேண்டும் என்பது. ஆளை உரித்துப்போட்டு அறையில் பூட்டி வைக்கும்போது இல்லாத அந்தரங்கம், அதைப் படம் எடுத்ததும் முளைத்துவிட்டது. படத்தை வெளியிடும்போது, 1966க்குப் பிறகு அந்த இடத்தில் மாற்றங்களும் முன்னேற்றங்களும் ஏற்பட்டுள்ளன என்று ஒரு விளக்கம் சேர்க்க வேண்டும் என்று நீதிமன்றம் உத்தரவு போட்டிருந்தது. வைஸ்மன் சேர்த்தார். முதல் அட்டையில், இப்படி ஒரு விளக்கம் சேர்க்க வேண்டும் என்று நீதிமன்றம் உத்தரவிட்டிருக்கிறது என்று போட்டார். அடுத்த அட்டையில் மாற்றங்களும் முன்னேற்றங்களும் ஏற்பட்டுள்ளன என்ற அதே வாக்கியம். வேறு ஒரு சொல்லும் இல்லை. 1987ல் அதே இடத்தில் இறந்துபோன ஏழு பேரின் குடும்பங்கள் வழக்குப் போட்டன என்ற செய்தியை அந்த இரண்டு அட்டைக்கும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள்.

இருந்தாலும் அந்தரங்கம் என்ற கேள்வியை அரசு தந்திரமாகப் பிடித்தது என்பதால் அந்தக் கேள்வியே பொய்யாகிவிடாது. கண்காணிப்பாளர் கொடுத்த அனுமதி, பூட்டிய அறையில் நிர்வாணமாக நிற்கிறவரின் அனுமதி ஆகுமா? சித்தம் கலங்கியவர் சம்மதம் சொன்னால் அது சம்மதமா? நம்ம சனங்களின் பிணத்தையும் காயத்தையும் போஸ்டரில் பெரிதாக்கி ஒட்டும்போது, அந்தத் தாயிடம் கேட்டோமா என்கிற கேள்வி நமக்கும் உண்டுதானே. வைஸ்மன் படம் வெளியே வந்தது சரி என்றுதான் நினைக்கிறேன். ஆனால் அந்த மனிதர்களின் கடன் அந்தப் படத்தின் மேல் இன்னும் இருக்கிறது.

இனி, எனக்கு ரொம்பப் பிடித்த படம். 'வெல்ஃபேர்', 1975. நியூயார்க் நகரத்தில் அரசு உதவித்தொகை வழங்கும் ஓர் அலுவலகம். கறுப்பு வெள்ளை, 167 நிமிடம். நான் கவுண்டருக்கு உள்பக்கம் உட்கார்ந்து சம்பளம் வாங்குகிறவன் (வங்கிக் கவுண்டரைச் சொல்கிறேன், வேற அர்த்தம் எடுத்துக்காதீங்க) என்பதால் இந்தப் படம் என்னைத் தனியாகப் பிடித்துக்கொண்டது. அடையாள அட்டைக்கு வரிசையாக ஆட்களைப் போட்டோ எடுப்பதில் தொடங்குகிறது. கறுப்பர், வெள்ளையர், ஸ்பானிய மொழி பேசுகிறவர், கிழவர், கைக்குழந்தைக்காரி என்று முகங்கள். பிறகு பூரா காத்திருப்புதான். உங்கள் கேஸ் இங்கே இல்லை, அந்த அலுவலகத்துக்குப் போங்கள். அங்கேயிருந்துதான் வர்றேன், அவங்கதான் இங்க அனுப்பினாங்க. அப்படியானால் அவர்களிடமிருந்து ஒரு கடிதம் வேண்டும். கடிதம் கொடுக்க மாட்டேங்கிறாங்க. கடிதம் இல்லாமல் நாங்கள் ஒன்றும் செய்ய முடியாது. தன் தாய்க்காக ஒரு பெண் நின்று கத்துகிறாள், எல்லாக் காகிதத்தையும் எடுத்து நீட்டுகிறாள். எதிரில் இருக்கிற ஊழியருக்கும் விதி என்ன என்று சரியாகத் தெரியாது. அந்த ஊழியர்களிலும் பலர் கறுப்பர்கள், பெண்கள்.

இங்கே வில்லன் கிடையாது. நம்ம மேடை நாடகத்தில் வருகிற தொப்பை அதிகாரி கிடையாது. ஆதார் இணைக்கலையே, கைரேகை விழலையே, நாளைக்கு வாங்க, பிஓஎஸ் மெஷின் வேலை செய்யல என்று தினமும் நான் காதால் கேட்கிற வாக்கியங்களின் நியூயார்க் அச்சு அது. மண்வெட்டி பிடித்துத் தேய்ந்த விரலில் ரேகை எப்படி விழும் என்று எந்தச் சுற்றறிக்கையும் கேட்பதில்லை. படத்தில் அலுவலகக் காவலுக்கு நிற்கிற ஒரு கறுப்பின போலீஸ்காரரிடம், காயம்பட்ட ஒரு வெள்ளைக்காரர் கறுப்பர்கள்மேல் தனக்கிருக்கிற வெறுப்பை எல்லாம் கொட்டுகிறார். இவரும் உதவித்தொகைக்கு வந்து நிற்கிற ஏழைதான். அந்தப் போலீஸ்காரர் நிதானம் இழக்காமல் பதில் சொல்லிக்கொண்டே இருக்கிறார். காட்சி நீள்கிறது, நீள்கிறது. வர்க்கம், நிறம், இரண்டும் எப்படி ஒன்றை ஒன்று வெட்டிக்கொண்டு போகும் என்று நாம் கட்டுரை கட்டுரையாக எழுதியதை அந்தப் பத்து அடி இடத்தில் பார்க்கலாம். ஒரே வரிசையில் நிற்கிறார்கள் என்பதால் தோழர்களாகிவிடவில்லை. வரிசையிலும் அவனுக்கு அவன் நிறம் ஒரு முதல்.

இது நாடகமாகவும் ஆகியிருக்கிறது. 2023ல் பிரான்சின் அவிஞ்ஞோன் நாடக விழாவின் தொடக்க நாடகமாக ஜூலி டெலிகே மேடையேற்றினார். ஐம்பது வருஷத்துக்கு முந்தைய நியூயார்க் அலுவலகப் பேச்சு அப்படியே மேடையில் நிற்கிறது என்றால், காதை முன்னால் வைத்து எடுத்த படம் என்பதும் ஒரு காரணம்.

சரி, எல்லை என்றேனே, அதுக்கு வருகிறேன். இந்த முறையில் கேமரா போன பிறகு நடப்பது மட்டும்தான் கிடைக்கும். நேற்று நடந்தது கிடைக்காது. பூட்டிய கதவுக்குப் பின்னால் நடந்தது கிடைக்காது. மும்பை ரமாபாய் நகரில் 1997 ஜூலை 11 அன்று போலீஸ் சுட்டுப் பத்துப் பேர் செத்தார்கள். அதைத் தாங்க முடியாமல் பாடகர் விலாஸ் கோக்ரே தூக்கில் தொங்கினார். ஆனந்த் பட்வர்தன் அங்கிருந்து தொடங்கிப் பதினான்கு வருஷம் எடுத்த படம்தான் 2011ல் வந்த 'ஜெய் பீம் காம்ரேட்'. அதில் கேமராவுக்குப் பின்னாலிருந்து கேள்வி கேட்கிற குரல் இருக்கிறது, பாட்டு இருக்கிறது, பழைய பதிவுகள் இருக்கின்றன. வைஸ்மன் முறையில் அந்தப் படத்தை எடுத்திருக்கவே முடியாது. செத்துப்போன பாடகனைச் சும்மா நின்று எப்படிப் பார்ப்பது? கேட்டுத்தான் ஆக வேண்டும். இரண்டு முறையையும் சண்டைக்கு விட்டு வேடிக்கை பார்க்கிற விமர்சகர்களுக்கு என்ன வேலையோ தெரியவில்லை. எந்தக் கேள்விக்கு எந்தக் கருவி என்பதுதான் நமக்கு வேண்டியது.

இன்னொரு எல்லை, கேமரா யார் கையில் என்பது. 'லா அண்ட் ஆர்டர்' அமெரிக்காவின் என்இடி பொதுத் தொலைக்காட்சியில் ஒளிபரப்பானது. அதே தொலைக்காட்சியில் 1968ல் 'பிளாக் ஜர்னல்' என்று கறுப்பர்களுக்கான நிகழ்ச்சி தொடங்கியது. பெயர் கறுப்பு, நடத்தியவர் வெள்ளைக்காரர். கறுப்பின ஊழியர்கள் வேலையை விட்டு வெளிநடப்பு செய்தார்கள். அதன் பிறகுதான் வில்லியம் கிரீவ்ஸ் என்கிற கறுப்பினத் திரைக் கலைஞர் அதன் நிர்வாகத் தயாரிப்பாளர் ஆனார். கழுத்து நெரிக்கப்பட்ட பெண்ணை வைஸ்மன் காட்டினார். அவள் நிலையத்திலிருந்து வீட்டுக்குப் போய் யாரிடம் என்ன சொன்னாள் என்று அவர் படத்தில் இல்லை. இருக்க முடியாது, அவர் போலீஸ் காரில் வந்தவர். அவள் வீட்டுத் திண்ணையிலிருந்து எடுக்க வேண்டிய படம் ஒன்று தனியாக உண்டு. அதை எடுக்கத்தான் அந்த வெளிநடப்பு.

வைஸ்மன் பிற்காலத்தில் வீட்டுக்குள்ளும் போனார் என்பதைச் சொல்லாமல் விட்டால் தப்பு. 1997ல் வந்த 'பப்ளிக் ஹவுசிங்', சிகாகோவில் கறுப்பின ஏழைகள் வாழ்ந்த ஐடா பி. வெல்ஸ் குடியிருப்பு பற்றியது. அந்தக் கட்டடங்கள் பிறகு இடித்துத் தள்ளப்பட்டன, இப்போது படத்தில்தான் இருக்கின்றன. குடியிருப்போர் சங்கத் தலைவி ஒருவர் போனில் ஒரு கர்ப்பிணிப் பெண்ணுக்கு வீடு கேட்டு மல்லுக்கு நிற்கிறார். பூச்சிமருந்து அடிப்பவர் வீடு வீடாகப் போகிறார். மத்திய அரசின் வீட்டுவசதித் துறைக்காரர் ஒருவர் வந்து, நீங்கள் எல்லாம் தொழிலதிபர் ஆகலாம் என்று வகுப்பு எடுக்கிறார் (கடன் மேளா மேடையில் இதே பேச்சை நான் மைக் பிடித்துக் கேட்டிருக்கிறேன்). ஒரு வயதான அம்மாள் முட்டைக்கோஸ் இலையை ஒன்று ஒன்றாக, மெதுவாக உரித்துக்கொண்டிருக்கிறார். அவ்வளவுதான், வேறு ஒன்றும் நடக்கவில்லை. ஏழ்மையைக் காட்ட அழுகையும் வேண்டாம், ஈ மொய்க்கிற குழந்தையும் வேண்டாம் என்று முடிவெடுத்த கேமரா அது. இரண்டு நிமிட வீடியோவுக்குச் சோக இசை போட்டு அனுப்புகிற இந்தக் காலத்தில் அந்த அம்மாளோடு உட்கார்ந்திருப்பது சிரமம். அந்தச் சிரமத்தைப் பழகிக்கொள்ள வேண்டும் என்று மாணவர்களிடம் சொல்வேன்.

படம் சமூகத்தை மாற்றும் என்று ஆரம்பத்தில் நம்பியதாகவும், அப்படி நேராக ஒன்றும் நடப்பதில்லை என்று பிறகு தெரிந்துகொண்டதாகவும் வைஸ்மன் பேசியிருக்கிறார். இயக்கக்காரர்களுக்கு இது கசக்கும். எனக்கு அவ்வளவு கசக்கவில்லை. மாற்றுகிற வேலை நம்முடையது, படத்தினுடையது இல்லை. எதை மாற்ற வேண்டும் என்று அதன் அன்றாட முகத்தோடு தெரிந்துகொள்ள அவர் முறை உதவும். நான் பார்த்த நம்முடைய படங்களில் பாதிக்கப்பட்டவரின் முகம் இருக்கிறது, அழுகை இருக்கிறது, தலைவரின் பேச்சு இருக்கிறது. மனுவை வாங்கிப் பார்க்காமலே அடுத்த மேசைக்குத் தள்ளுகிற கை ரொம்பக் குறைவு. திங்கட்கிழமை குறைதீர் நாளில் கலெக்டர் அலுவலகத்தில் காலையிலிருந்து சாயங்காலம் வரைக்கும், ஒரு வார்த்தை வர்ணனை இல்லாமல், ஒரு மேசையை மட்டும் பார்த்துக்கொண்டிருக்கிற படம் ஒன்று எனக்கு வேண்டும்.

அனுமதி யார் கொடுப்பார்கள் என்று கேட்பீர்கள். வரிப்பணத்தில் நடக்கிற இடம் பொது இடம், அங்கே நடப்பதைக் குடிமக்கள் பார்க்கலாம் என்பது வைஸ்மனின் வாதம். நமக்கு 2005ன் தகவல் உரிமைச் சட்டம் இருக்கிறது. காகிதத்தின் நகல் கேட்கலாம், கோப்பை நேரில் போய்ப் பார்க்கலாம், குறிப்பெடுக்கலாம், வேலைகளைக்கூட ஆய்வு செய்யலாம் என்று பிரிவு 2(ஜே) சொல்கிறது. கேமராவோடு உள்ளே வரலாம் என்று அது சொல்லவில்லை. இருந்தாலும் முறைப்படி எழுதிக் கேளுங்கள். மறுத்து வருகிற கடிதம் படத்தின் முதல் ஷாட்டுக்கு ஆகும். கிடைத்துவிட்டால், கையில் இருக்கிற காசில் முதலில் ஒரு நல்ல மைக் வாங்குங்கள். கேமரா எப்படியும் யாரிடமாவது இரவல் கிடைக்கும்.